உங்களுக்குத் தெரியுமா? புல்வெளியின் இரண்டு மான்கள்

பெண்ணாடம் என்ற பெயருக்குள்ளேயே ஒரு பசுவும் ஒரு யானையும் நிற்கின்றன. தேவகன்னியரும் காமதேனுவும் ஐராவதமும் வந்து வழிபட்ட தலம் என்பது புராணம். பெண், ஆ, கடம் என்ற மூன்றும் சேர்ந்து பெண்ணாகடம் ஆகி, பேச்சில் பெண்ணாடம் என்று சுருங்கியது. கோயிலுக்குத் தேவாரப் பெயர் திருத்தூங்கானைமாடம். அப்பர் தம் தோளில் சூலக்குறியும் இடபக்குறியும் பொறிக்கக் கேட்டுப் பெற்றதும் இங்கேதான். ஆவும் ஆனையும் இடபமும் ஆயிற்று. மிச்சமிருப்பது மான். அது இறைவன் கையிலேயே இருக்கிறது.

சிவன் கையில் இருப்பது எந்த மான்?

தாருகாவனத்து முனிவர்கள் ஏவிய மானைப் பிடித்து இடக்கையில் ஏந்திக்கொண்டார் என்பது கதை. சோழர் காலச் செப்புத் திருமேனிகளில் அதை நெருங்கிப் பார்த்தால் சிற்பியின் கண் எவ்வளவு கூர்மையானது என்று தெரியும். ஒரு சாண்கூட இருக்காது. பின் இடக்கையின் விரல் நுனியில் பின்னங்கால்களை ஊன்றி, முன்னங்கால்களைத் தூக்கித் துள்ளி நிற்கும். தலையில் இரண்டு கொம்புகள். பல திருமேனிகளில் அந்தக் கொம்புகளுக்குக் கிளை கிடையாது. அதனால்தான் கலை வரலாற்று நூல்களில் அதை வெறும் மான் என்று எழுதாமல் இரலை வகை என்று குறிப்பிடுகிறார்கள். பெண்ணாடத்தில் பிரளயகாலேசுவரரைத் தரிசித்துவிட்டுச் சுற்றி வரும்போது கோயில் சிற்பங்களில் மான் கண்ணில் பட்டால் ஒரு நிமிடம் நின்று கொம்பைப் பாருங்கள்.

கிளைத்தால் ஒன்று, முறுக்கினால் வேறொன்று

புள்ளிமான், கடமான் போன்ற உண்மையான மான்களின் கொம்பு எலும்பு. அது கிளைவிட்டு வளரும், விழுந்துவிடும், மறுபடி முளைக்கும். இரலை வகையைச் சேர்ந்த வெளிமானின் கொம்பு அப்படியல்ல. உள்ளே எலும்புத் தண்டு, மேலே நம் நகம் எந்தப் பொருளால் ஆனதோ அதே பொருளால் ஆன உறை. ஆயுள் முழுக்க அது விழுவதில்லை. வளையம் வளையமாக வரிகள் ஓட, திருகாணிபோல் முறுக்கிக்கொண்டு மேலே போகும். விலங்கியல்படி வெளிமான் ஆடு, மாடுகளின் குடும்பத்தைச் சேர்ந்தது. தமிழில் இரண்டுக்கும் பொதுவாக மான் என்கிறோம்.

ஆனாலும் நம் முன்னோர் வகை பிரிக்காமல் விடவில்லை. புல்வாய், நவ்வி, உழை, கவரி ஆகியவற்றின் பெண்ணுக்குப் பிணை என்று பெயர், புல்வாயின் ஆணுக்கு இரலை என்றும் கலை என்றும் பெயர் என்று தொல்காப்பியத்தின் மரபியல் விதியே வகுத்திருக்கிறது.

குவாசுதி என்றால்?

நம் இரண்டாவது மானின் பெயர் இது. ஆங்கில அகராதிகளில் எப்போதாவது கண்ணில் படும் சொல். தென் அமெரிக்காவின் பாம்பாஸ் புல்வெளிகளில் வாழும் ஒரு மானைக் குறிக்கிறது. அர்ஜென்டினா, உருகுவே, பராகுவே, பிரேசில், பொலிவியா ஆகிய நாடுகள் அதற்குச் சொந்த ஊர். குவாரனி மொழியில் குவாசு என்றால் மான். குவாசு புக்கு, குவாசு பித்தா, குவாசு விரா, குவாசு தி என்று அந்த மக்கள் தங்கள் நாட்டு மான்களை நான்காகப் பிரித்து வைத்திருந்தார்கள். பெலிக்ஸ் தெ அசாரா என்ற ஸ்பானிய அதிகாரி அந்தப் பெயர்களை அப்படியே எழுதிக்கொண்டு போனார். அவருடைய நூல் 1801இல் பிரெஞ்சில் வெளிவந்தது. அதன் வழியாகத்தான் ஐரோப்பியர்களுக்கு இந்தச் சொற்கள் தெரியவந்தன. குவாசு விராவின் அறிவியல் பெயரில் இன்றும் அந்தக் குவாரனிச் சொல் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

குவாசுதி தோள் உயரத்தில் ஏறக்குறைய 70 சென்டிமீட்டர், எடை 30 முதல் 40 கிலோ. ஆணின் ஒவ்வொரு கொம்பிலும் பெரும்பாலும் மூன்று முனைகள். வெளிமானும் ஏறத்தாழ இதே உயரம், இதே எடைதான். இரண்டும் திறந்தவெளியில் கூட்டமாக மேயும், தூரத்திலேயே ஆபத்தைப் பார்த்துவிடும். இரண்டும் வெவ்வேறு குடும்பங்கள். இரண்டையும் இப்படி ஒரே அளவில் செதுக்கியது புல்வெளி.

குவாரனி இன்றும் அரசுமொழி

பராகுவேயில் ஸ்பானிய மொழிக்குச் சமமாக 1992ஆம் ஆண்டின் அரசியலமைப்பு குவாரனியை ஆட்சிமொழி ஆக்கியிருக்கிறது. அந்த நாட்டு நாணயத்துக்கும் குவாரனி என்றே பெயர். பழங்குடி அல்லாதவர்களும் வீட்டில், சந்தையில் அதைத்தான் பேசுகிறார்கள். அமெரிக்கக் கண்டங்களில் வேறெந்தப் பழங்குடி மொழிக்கும் இந்த அளவு வாழ்வு கிடைக்கவில்லை.

இரண்டுக்கும் ஒரே பெயர் இருந்தது!

ஸ்வீடன் நாட்டு லின்னேயஸ் 1758இல் உலக விலங்குகளுக்குப் பெயர் சூட்டி நூல் வெளியிட்டபோது, அதே நூலில் நம் வெளிமானுக்கும் பெயர் வைத்தார், குவாசுதிக்கும் பெயர் வைத்தார். குவாசுதிக்கு அவர் கொடுத்த பெயர் பெசோவார்ட்டிகஸ். வெளிமானுக்குச் செர்விகாப்ரா, அதாவது மானாடு.

அதோடு முடியவில்லை. சென்னை ராணுவத்தில் மருத்துவராக இருந்த தாமஸ் ஜெர்டன் 1867இல் இந்தியப் பாலூட்டிகளைப் பற்றி எழுதிய புகழ்பெற்ற நூலில் வெளிமானை ஆன்டிலோப் பெசோவார்ட்டிகா என்றே குறிப்பிட்டார். அந்தக் காலத்தில் வேறு சிலரும் அப்படித்தான் எழுதினார்கள். கடலுக்கு இந்தப் பக்கம் ஒரு பெசோவார்ட்டிகா, அந்தப் பக்கம் ஒரு பெசோவார்ட்டிகஸ்.

அந்தப் பெயர் ஒரு கல்லின் பெயர்

அசைபோடும் விலங்குகளின் வயிற்றில் முடியும் நாரும் சேர்ந்து சில சமயம் உருண்டு கல்லாகிவிடும். பெசோவார் என்பது அதுதான். எந்த விஷத்தையும் முறிக்கும் என்று நம்பி ஐரோப்பிய அரசர்கள் தங்கத்தின் விலை கொடுத்து வாங்கினார்கள், தங்கக் கூட்டுக்குள் வைத்துப் பூட்டினார்கள். கோவாவில் இருந்த போர்த்துகீசிய மருத்துவர் கார்சியா தெ ஓர்த்தா 1563இல் வெளியிட்ட நூலில் இந்தக் கல்லைப் பற்றி எழுதியிருக்கிறார். பின்னர் கோவாவிலேயே செயற்கையாக உருட்டிச் செய்த கற்களுக்குக் கோவாக் கல் என்று பெயரே வந்துவிட்டது. பிரான்ஸில் அம்ப்ருவாஸ் பாரே என்ற அறுவை மருத்துவர் மரண தண்டனை பெற்ற ஒரு சமையல்காரரிடம் இதைச் சோதித்துப் பார்த்தார். விஷம் குடித்த பிறகு கல்லைக் கொடுத்தார்கள். அவர் துடிதுடித்து இறந்தார். நம்பிக்கை மட்டும் அதற்குப் பிறகும் நெடுநாள் சாகவில்லை. எத்தனை விலங்குகளை இதற்காக அறுத்தார்களோ, நினைத்தால் மனம் கனக்கிறது.

டார்வினின் கைக்குட்டை

ஆண் குவாசுதியின் பின்னங்கால் குளம்புகளுக்கிடையே உள்ள சுரப்பியிலிருந்து கடும் வாடை வரும். ஒரு கிலோமீட்டருக்கு அப்பாலிருந்தும் மூக்கில் ஏறும் என்பார்கள். சார்லஸ் டார்வின் தென் அமெரிக்கப் பயணத்தில் ஒரு குவாசுதியின் தோலைத் தம் பட்டுக் கைக்குட்டையில் மூட்டை கட்டி எடுத்துவந்தார். பிறகு அந்தக் கைக்குட்டையைத் துவைத்துத் துவைத்துப் பயன்படுத்தினார். ஆனாலும் ஒவ்வொரு முறை மடிப்பைப் பிரிக்கும்போதும் வாடை அடித்தது. ஒரு வருடம் ஏழு மாதம் அது போகவில்லை என்று எழுதியிருக்கிறார்.

அவர் கண்ட இன்னொரு விஷயம் எனக்கு இதைவிட முக்கியமாகப் படுகிறது. தரையோடு தரையாக ஊர்ந்து போனால் குவாசுதிகள் பயப்படுவதில்லை, என்ன இது என்று பார்க்கக் கிட்டவே வந்துவிடுகின்றன. குதிரைமேல் ஆளைக் கண்டால்தான் ஓட்டம். காரணம், அந்த நாட்டில் நடந்துபோய் வேட்டையாடியவர் எவரும் இல்லை. துப்பாக்கி வெடிக்கும் சத்தத்துக்குக்கூட அவை அசையவில்லை. மனிதன் என்றால் குதிரையும் கயிற்றில் கட்டி எறியும் குண்டும் என்று மட்டுமே அந்த மான்களுக்குத் தெரியும்.

துப்பாக்கி என்றால் என்னவென்று தெரிந்துகொள்ள அவற்றுக்கு அவகாசம் கிடைக்கவில்லை. 1860 முதல் 1870 வரையிலான பத்தாண்டில் புவெனோஸ் ஐரிஸ் துறைமுகத்திலிருந்து மட்டும் ஏறத்தாழ 20 லட்சம் குவாசுதித் தோல்கள் கப்பலேறியதாகப் பதிவுகள் சொல்கின்றன. பின்னால் கோதுமை வயல்களும் மாட்டுப் பண்ணைகளும் புல்வெளியைப் பிடித்துக்கொண்டன. இன்று குவாசுதிகள் திட்டுத்திட்டாகத்தான் எஞ்சியிருக்கின்றன. உருகுவே 1985இல் அதை இயற்கைச் சின்னமாக அறிவித்தது. அர்ஜென்டினாவில் 2009இல் காம்போஸ் தெல் துயு என்ற தேசியப் பூங்காவைத் தொடங்கியதற்கு முக்கியக் காரணமே இந்த மான்தான்.

நம் வெளிமான் அர்ஜென்டினாவில் மேய்கிறது

20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வேட்டைக்காக இந்தியாவிலிருந்து வெளிமான்களைக் கொண்டுபோய் அர்ஜென்டினாவில் விட்டார்கள். அங்கே அவை பெருகிவிட்டன. குவாசுதியின் சொந்தப் புல்வெளியில், குவாசுதி அழிந்துபோன இடங்களில், இன்று திருகுக் கொம்புடன் நம் ஊர் வெளிமான் ஓடுகிறது. அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்துக்கு 1930களில் போன வெளிமான்களும் ஆயிரக்கணக்கில் பெருகின. பாகிஸ்தானில் வெளிமான் அற்றுப்போனபின், 1970களில் டெக்சாஸிலிருந்து வரவழைத்துத்தான் அந்நாட்டின் லால் சுஹான்ரா பூங்காவில் மறுபடி வளர்த்தார்கள். சிந்துச் சமவெளியின் சொந்த விலங்கு, அமெரிக்கா போய்த் திரும்பி வந்தது!

சிவிங்கி துரத்திய கால்கள்

வெளிமான் மணிக்கு 80 கிலோமீட்டர் வரை ஓடும். இத்தனை வேகம் எதற்கு? அதைத் துரத்தியது வேட்டைச் சிவிங்கி. சிவிங்கி இந்தியாவிலிருந்து அற்றுப்போய்விட்டது என்று 1952இல் அறிவித்தார்கள். துரத்தியவர் போனபின்னும் கால்களில் வேகம் தங்கிவிட்டது.

அகநானூறு கண்ட துள்ளல்

மிரண்ட வெளிமான் உடனே ஓடாது. முதலில் ஒன்று மேலே எம்பும். நான்கு கால்களும் ஒருசேரத் தரையை விட்டுக் கிளம்பும். அடுத்தது எம்பும், அதற்கடுத்தது. கூட்டம் முழுவதும் அப்படிச் சில துள்ளல் துள்ளிவிட்டுத்தான் ஓட்டத்தில் இறங்கும். உன்னைப் பார்த்துவிட்டேன், துரத்திப் பயனில்லை என்று எதிரிக்குச் சொல்லும் செய்தி இது என்று விலங்கியலாளர்கள் கருதுகிறார்கள்.

அகநானூற்றின் நான்காம் பாட்டைப் பாடிய குறுங்குடி மருதனார், இரலையின் கொம்புக்கு முறுக்கிய இரும்பை உவமை சொல்கிறார். மழை பெய்த முல்லை நிலத்துப் பள்ளங்களில் அது துள்ளுவதையும் சொல்கிறார். கருங்கொம்பு, முறுக்கு, திறந்தவெளி, துள்ளல் என்று எல்லாமே பொருந்துகின்றன. ஏட்டைப் பார்த்து எழுதியவர் அல்ல, புல்தரையில் நின்று பார்த்தவர்.

கோடியக்கரையில் காலை ஆறு மணி

தமிழ்நாட்டில் வெளிமானைப் பார்க்கத் தோதான இடம் வேதாரண்யத்தை அடுத்த கோடியக்கரை. 1967இல் சரணாலயமானது, 2002இல் ராம்சார் ஈரநிலப் பட்டியலில் சேர்ந்தது. வெயில் ஏறுமுன் போக வேண்டும்.

தன் எல்லைக்குள் நிற்கும் ஆணை அடையாளம் காண்பது சுலபம். முதுகும் பக்கங்களும் கறுத்திருக்கும், வயிறும் கண்ணைச் சுற்றிய வளையமும் வெள்ளை. வயது ஏற ஏறக் கறுப்பு கூடும். பெண்ணும் இளசுகளும் காய்ந்த புல்லின் நிறம். வேறொரு ஆண் எல்லைக்குள் கால் வைத்தால் இது முகத்தை வானத்தை நோக்கித் தூக்கும். கொம்புகள் முதுகில் படியும், காதுகள் தொங்கும், வால் மேலே சுருண்டுகொள்ளும். அப்படியே விறைப்பாக ஒவ்வோர் அடியாக வைத்து எதிரியை நோக்கி நடக்கும். கண்ணுக்கு முன்புறம் ஒரு பிளவு விரியும். வாசனைச் சுரப்பி அது. புல்லின் நுனியிலும் குச்சியிலும் அதைத் தேய்த்து எல்லை குறிக்கும். ஒரே இடத்தில் நாள்தோறும் புழுக்கை போட்டுக் குவியலாக்கி வைப்பதும் எல்லைக் கல் நடுவதற்குச் சமம்தான்.

2018 நவம்பர் 16ஆம் தேதி கஜா புயல் கரை கடந்தது இந்த வேதாரண்யம் பகுதியில்தான். வெளிமான்களும் புள்ளிமான்களும் பல மடிந்தன. வீடிழந்த மக்களின் துயரத்துக்கிடையே அந்தச் சாவுகள் அதிகம் பேசப்படவில்லை.

வேறெங்கே?

தூத்துக்குடி மாவட்டம் வல்லநாட்டில் வெளிமானுக்கென்றே 1987இல் அமைத்த சரணாலயம் இருக்கிறது. இயற்கையாக வெளிமான் வாழும் இடங்களில் இந்தியாவின் தென்கோடி அதுதான். சத்தியமங்கலம் பக்கம் மாயாற்றுப் பள்ளத்தாக்கில் உண்டு. சென்னைக்குள்ளேயே கிண்டி தேசியப் பூங்காவிலும் ஐஐடி வளாகத்திலும் உண்டு. கிண்டியில் மரங்கள் அடர்ந்து புல்தரை சுருங்கச் சுருங்க வெளிமானுக்கு இடம் குறைந்தது. நிழலும் புதரும் புள்ளிமானுக்குப் பிடிக்கும், வெளிமானுக்கு வெட்டவெளிதான் வேண்டும். மரம் நடுவது எங்கேயும் நல்லது என்று நினைப்பவர்கள் இந்த ஓர் இடத்தையாவது பார்த்துவிட்டு வர வேண்டும்.

மானே பரப்பும் முள்

சீமைக் கருவேலத்தின் நெற்றை வெளிமான் விரும்பித் தின்னும். விதை செரிக்காமல் புழுக்கையோடு வெளியே வரும். எல்லைக்காக அது போட்டுவைத்த புழுக்கைக் குவியலிலேயே கருவேலம் முளைக்கும். முள் அடர்ந்தால் புல் போகும், புல் போனால் மானுக்கு மேய்ச்சல் இல்லை, ஓட வழியும் இல்லை. கோடியக்கரையில் இந்த முள்ளோடு இன்னொரு போட்டியும் இருக்கிறது. எப்போதோ விடப்பட்டுக் காட்டுக்குதிரைகளாக மாறிய மட்டக்குதிரைகள் அதே புல்லை மேய்கின்றன. அயல் செடிகளை அகற்றத் தமிழ்நாடு அரசு 2022இல் தனிக் கொள்கையே வகுத்தது. வேரோடு பிடுங்கினாலொழிய கருவேலம் அடிக்கட்டையிலிருந்து மறுபடி தழைக்கும் என்பதால் இந்த வேலை ஓராண்டில் முடிகிற வேலை அல்ல.

ஒரு சக்கரவர்த்தி மானுக்குக் கட்டிய கோபுரம்

ஜகாங்கீர் தாம் வளர்த்த மன்சராஜ் என்ற வெளிமான் இறந்ததும் அதற்கு ஒரு நினைவுக் கோபுரம் எழுப்பினார். லாகூருக்கு அருகே ஷேக்குபுராவில் ஹிரண் மினார் என்ற பெயரில் இன்றும் நிற்கிறது.

தரிசு என்று எழுதியவர் யார்?

நம் கிராமக் கணக்குகளில் மேய்க்கால் புறம்போக்கு என்று ஓர் இனம் உண்டு. ஊர் மாடு மேய்வதற்கென்று விட்டுவைத்த நிலம். மந்தைவெளி என்றும் சொல்வோம். வெள்ளாற்றுக் கரைப் பக்கமும் விருத்தாசலம் செம்மண் மேடுகளிலும் முந்திரியும் கரும்பும் வருமுன் இப்படிப்பட்ட வெளிகள் எத்தனையோ இருந்திருக்கும். அரசுக் கணக்கு, வரி வராத நிலத்தைத் தரிசு என்று எழுதியது. தரிசு என்று எழுதிவிட்டால் பிறகு அதில் என்ன வேண்டுமானாலும் வரலாம்: தொழிற்பேட்டை, குப்பைக் கிடங்கு, தைலமரத் தோப்பு, மனைப்பிரிவு. காட்டை வெட்டினால் பத்து பேராவது கேட்பார்கள். புல்வெளி போனால் கேட்க ஆளில்லை. ஆனால் அந்த வெற்றிடம் என்று தோன்றுகிற நிலத்தில்தான் கானமயில் இருந்தது, குள்ளநரி இருந்தது, காடையும் கவுதாரியும் இருந்தன, வெளிமான் இருந்தது. புல்லின் வேர்கள் மண்ணுக்குள் ஆழமாகக் கரிமத்தைச் சேர்த்துவைக்கின்றன. தீ வந்து மேற்புல் எரிந்தாலும் அந்தச் சேமிப்பு மண்ணுக்கடியில் பத்திரமாக இருக்கும். தமிழில் இந்த விலங்குக்கு வெளிமான் என்று பெயர் வைத்தவர்கள், வெளி போனால் மான் போகும் என்பதை அறிந்தவர்கள். தென் அமெரிக்காவில் பாம்பாஸை உழுதபோது குவாசுதிக்கு நடந்தது அதுவேதான்.

சட்டம் என்ன சொல்கிறது?

1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் வெளிமான் முதல் அட்டவணையில் இருக்கிறது. புலிக்கும் யானைக்கும் உள்ள அதே பாதுகாப்பு. கொம்பையோ தோலையோ விற்பதும் வாங்குவதும் சிறைத் தண்டனைக்குரிய குற்றம். பூணூலில் முடியவும் பூசையில் விரிக்கவும் மான்தோல் என்று யாராவது விலை சொன்னால் வாங்காதீர்கள். ஆந்திரம், ஹரியானா, பஞ்சாப் ஆகிய மூன்று மாநிலங்கள் வெளிமானைத் தங்கள் மாநில விலங்காக வைத்திருக்கின்றன.

புல்லில் தனியாகக் கிடக்கும் குட்டி

வெளிமான் ஏறத்தாழ ஆறு மாதம் சுமந்து ஒரு குட்டி ஈனும். முதல் சில நாட்கள் குட்டியைப் புல்லுக்குள் படுக்கவைத்துவிட்டுத் தாய் தள்ளிப்போய் மேயும், பால் கொடுக்க மட்டும் வரும். தாய் பக்கத்திலேயே நின்றால் குட்டி இருக்கும் இடத்தை நரிக்குக் காட்டிக்கொடுத்ததாகிவிடும். குவாசுதியும் இதையேதான் செய்கிறது. ஆபத்து கிட்டே வந்தால் தாய்க் குவாசுதி நொண்டுவதுபோல் நடித்து எதிரியைத் தன் பின்னால் இழுத்துக்கொண்டு போகும்.

இதை அறியாமல், அநாதையாகக் கிடக்கிறது பாவம் என்று குட்டியைத் தூக்கிக்கொண்டு வருபவர்கள் இருக்கிறார்கள். அந்தக் குட்டி அநாதையாவது அப்போதுதான். வெளிமான் உள்ள ஊர்களில் ஆடு மேய்க்கப் போகும் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிவையுங்கள்: தொடாதே, கிட்டே நிற்காதே, நாயைக் கட்டிப்போடு, தள்ளிப் போ. பொழுது சாய்ந்தும் தாய் வரவில்லை, குட்டிக்கு அடிபட்டிருக்கிறது என்றால் மட்டும் வனத்துறைக்குத் தகவல் சொன்னால் போதும்.